தேற்றுச்சாறு வேலை செய்யுமா?

முதலிலேயே சொல்லிவிடுகிறேன்: தேற்றுச்சாறு என்று ஒன்று எந்த ஊரிலும் கிடையாது. போன ஐப்பசியில், கொடைக்கானலுக்கு மேற்கே பூம்பாறையில் அண்ணன் வீட்டில் இருந்தபோது நானாகக் கட்டிவிட்ட கதை அது. விடாத மழை, கரண்ட் இல்லை, படிப்படியாக இறங்கும் தோட்டங்கள் மூடுபனியில் காணாமல் போயிருந்தன. அண்ணன் மகள் சிநேகிதியோடு சண்டை போட்டுவிட்டு வந்து மூலையில் உட்கார்ந்திருந்தாள். "இந்த மலையில அந்தக் காலத்துல மனசு கலங்கினவங்களுக்கு ஒரு சாறு வச்சுக் குடுப்பாங்க" என்று ஆரம்பித்தேன்.

பெயருக்கு யோசிக்கவே வேண்டியிருக்கவில்லை. கலங்கல் தண்ணீர் ஊற்றும் பானையின் உட்புறத்தில் தேற்றாங்கொட்டையை உரசுவார்கள். கொட்டையிலிருந்து கரைகிற பொருள்கள் மண்துகள்களை ஒன்றோடொன்று சேர்த்து ஒட்டவைக்கும், கனத்த துகள் அடியில் படியும், தண்ணீர் தெளியும். தேற்றுவது, தெளிவது இரண்டுமே தண்ணீருக்கும் மனுஷருக்கும் பொதுவான சொற்களாக இருப்பது என் கதைக்கு வசதியாகப் போயிற்று.

விதிகளையும் சேர்த்துவிட்டேன். மலைப்பூண்டை நசுக்கிப் பத்து நிமிடம் தொடாமல் வைக்க வேண்டும். மிளகு, சீரகம், புளிக்கரைசல் சேர்த்து, நுரை கட்டியதும் இறக்க வேண்டும். கொதித்தால் அதன் சக்தி போய்விடும். ஆவி முகத்தில் படக் குடிக்க வேண்டும். கலங்கியவர் தானே ஊற்றிக்கொள்ளக் கூடாது.

"இது பூண்டு ரசம்தானே?" என்றாள். அதுதான். ஆனால் அடுத்த கேள்வியில் மாட்டிக்கொண்டேன்: "சரி, நிஜமாவே வேலை செய்யுமா அத்தை?"

பூண்டிலிருந்தே தொடங்கலாம். கொடைக்கானல் மலைப்பூண்டுக்கு 2019இல் புவிசார் குறியீடு கிடைத்தது. கடித்தால் சுள்ளென்று ஏறும். ஆனால் முழுப் பல்லை முகர்ந்து பாருங்கள், பெரிதாக வாசனை இருக்காது. அதன் செல்லுக்குள் அல்லின் என்ற பொருளும் அல்லினேஸ் என்ற நொதியும் தனித்தனி அறையில் இருக்கின்றன. நசுக்கும்போது சுவர் உடைந்து இரண்டும் கலக்கின்றன, அல்லிசின் பிறக்கிறது. மூக்கைத் துளைப்பது அதுவும் அது சிதைந்து உண்டாகும் கந்தகச் சேர்மங்களும்தான். பூண்டுக்கு இது தற்காப்பு, கடிக்க வரும் பூச்சிக்கு எதிரான ஆயுதம். சூடு பட்டால் நொதி செத்துவிடும், கடும் புளிப்பும் அதற்கு ஆகாது. முழுப் பல்லாகவே புளித்தண்ணீரில் போட்டு வேகவைத்தால் பூண்டு மெத்தென்று இனிப்பாகிவிடுவது அதனால்தான். கதைக்காக நான் சொன்ன பத்து நிமிடம் உண்மையில் நொதிக்குக் கொடுக்கும் அவகாசம்.

நுரை கட்டியதும் இறக்குவது நான் கண்டுபிடித்ததல்ல, ரசம் வைக்கிற எல்லோருக்கும் கைவந்தது. மிளகிலும் சீரகத்திலும் உள்ள மணப்பொருள்கள் லேசில் ஆவியாகிப் பறப்பவை. வீடெல்லாம் ரசம் மணக்கிறது என்றால், சட்டியிலிருந்து அது வெளியேறிக்கொண்டிருக்கிறது என்று பொருள். இந்த உயரத்தில் தண்ணீர் கிட்டத்தட்ட 93 டிகிரியிலேயே கொதித்துவிடும். குக்கர் இல்லாவிட்டால் பருப்பு வேக ஒரு யுகம் ஆகும். ஆனால் மணம் ஓடிப்போவதற்கு 93 டிகிரி தாராளமாகப் போதும்.

இனி வாய்க்குள். காரம் ஒரு சுவை இல்லை. நாக்கின் சுவை மொட்டுகளுக்கு அதில் வேலையே கிடையாது. வலியையும் சூட்டையும் உணரும் நரம்பு முனைகளில் டிஆர்பிவி1 என்ற புரதம் ஒரு கதவுபோல இருக்கிறது. ஏறத்தாழ 43 டிகிரியைத் தாண்டிய சூடு பட்டால் அது திறக்கும். மிளகாயின் கேப்சைசினும் மிளகின் பைப்பரினும்கூட அதே கதவைத் திறந்துவிடும். அதனால்தான் மூளைக்குக் காரமும் 'சுடுகிறது' என்றே செய்தி போகிறது. 1997இல் இந்தக் கதவை அடையாளம் கண்ட குழுவின் தலைவர் டேவிட் ஜூலியஸ், 2021இல் நோபல் பரிசைப் பகிர்ந்துகொண்டார். பூண்டின் அல்லிசின் தட்டுவது பக்கத்திலுள்ள இன்னொரு கதவை; கடுகின் நெடிக்கும் அதுதான் வாசல். சூடான மிளகு ரசம் ஒரு வாய் உள்ளே போனால் இத்தனை கதவும் ஒரே சமயத்தில் திறக்கும். மூக்கு ஒழுகும், கண் கலங்கும், நெற்றி வியர்க்கும். அழ நினைத்தவர்கள் காரம் என்று சொல்லி அழுதுகொள்ளலாம், யாரும் கேட்கமாட்டார்கள்.

எனக்கு இதில் மிகவும் பிடித்த பகுதி ஆவிதான். பார்ப்பது, கேட்பது, தொடுவது பற்றிய செய்திகள் எல்லாம் மூளையில் தலாமஸ் என்ற சந்திப்பைக் கடந்தே மேலே போகும். வாசனை மட்டும் அங்கே நிற்காமல், உணர்ச்சியையும் நினைவையும் கையாளும் அமிக்டலா, ஹிப்போகேம்பஸ் பகுதிகளுக்கு மிக அருகில் நேராகப் போய் இறங்குகிறது. விழுங்கும்போது தொண்டையின் பின்வழியாகவும் மணம் மூக்குக்கு ஏறும். ருசி என்று நாம் சொல்வதில் பெரும் பங்கு அதுதான். காய்ச்சலில் கிடந்தபோது அம்மா ரசம் சோறு கரைத்துக் கொடுத்த வீட்டில் வளர்ந்தவருக்கு, பேரே தெரியாத ஊரின் மெஸ்ஸில் அந்த மணம் வந்தாலும் நெஞ்சு இளகும். ரசமே தெரியாமல் வளர்ந்தவருக்கு அது வெறும் புளிப்பு வெந்நீர்.

சூடான டம்ளரைப் பிடித்தால் மனமும் கதகதப்பாகும் என்று ஒரு சேதி அடிக்கடி சுற்றுகிறது. 2008இல் வெளிவந்த ஆய்வு அது: சூடான காபியைக் கையில் வைத்திருந்தவர்கள் முன்பின் தெரியாத ஒருவரை அன்பானவர் என்று மதிப்பிட்டார்கள். பின்னால் இன்னும் அதிகம் பேரை வைத்துத் திரும்பச் செய்து பார்த்தவர்களுக்கு அந்த விளைவு கிடைக்கவில்லை. வாழைப்பழத்தில் செரட்டோனின் இருக்கிறது, சாப்பிட்டால் மகிழ்ச்சி வரும் என்பதும் இதே ரகம்தான். செரட்டோனின் இருப்பது உண்மை. ஆனால் வயிற்றுக்குப் போகும் செரட்டோனினால் ரத்தத்துக்கும் மூளைக்கும் நடுவே உள்ள தடுப்பைத் தாண்ட முடியாது.

கடைசியாக, வேறொருவர் ஊற்றித் தரும் விதி. 1978இல் கடைவாய்ப்பல் பிடுங்கிய நோயாளிகளுக்கு மருந்தே இல்லாத ஊசியைப் போட்டார்கள். சிலருக்கு வலி குறைந்தது. மூளையின் சொந்த வலிநிவாரணிகளைத் தடுக்கும் நாலாக்சோனைக் கொடுத்ததும் அவர்களுக்கு வலி ஏறிவிட்டது. அப்படியானால் நம்பிக்கை உடம்புக்குள் நிஜமான வேதிப்பொருளைச் சுரக்க வைத்திருக்கிறது. 2010இல் இன்னும் வினோதம்: குடல் எரிச்சல் நோய் உள்ள 80 பேரில் ஒரு பாதிக்கு, "இதில் மருந்து எதுவும் இல்லை" என்று சொல்லியே மூன்று வாரம் மாத்திரை கொடுத்தார்கள். ஒன்றும் கொடுக்கப்படாத மறுபாதியைவிட அவர்களுக்கு நிம்மதி கூடுதலாகக் கிடைத்தது. ஒன்று பல்வலி, இன்னொன்று வயிறு. மாதக்கணக்கில் நீளும் மனச்சோர்வுக்கு டாக்டரிடம்தான் போக வேண்டும். ஆனால் சிநேகிதியோடு சண்டை போட்ட ஒரு சாயங்காலத்துக்கு, பொய் என்று தெரிந்தே ஒருவர் அக்கறையோடு ஊற்றித் தருவதும் வீணில்லை.

இரண்டு டம்ளர் குடித்தாள். மறுநாள் பள்ளிக்கூடத்திலிருந்து வந்தவள் பையைக்கூடக் கழற்றவில்லை. "சமாதானம் பேசப் போனா அவ தள்ளி உக்காந்துட்டா அத்தை, வாயெல்லாம் பூண்டு நாத்தமாம்." பல் விளக்கிப் பிரயோஜனமில்லை. பூண்டு செரிக்கும்போது உண்டாகும் அல்லைல் மெத்தில் சல்ஃபைடு ரத்தத்தில் கலந்து, நுரையீரல் வழியாக ஒவ்வொரு மூச்சிலும் வெளியே வரும். முழுதாகப் போக ஒரு நாள்கூட ஆகலாம். அன்றைக்கே ஐந்தாவது விதியையும் சேர்த்துவிட்டேன்: சண்டை போட்ட இரண்டு பேரும் குடிக்க வேண்டும்.