மறுநாள் எழுந்து சாப்பிட்டது என்று விட்டுவிடாதீர்கள்

“நேத்து சாயங்காலம் தொப்புன்னு விழுந்துட்டான் டாக்டர். காலையில பார்த்தா வாலாட்டிக்கிட்டுச் சாப்பிடுறான். அதான் கூட்டிட்டு வரலாமா வேண்டாமான்னு யோசிச்சோம்.”

வயதான லாப்ரடார், ஜெர்மன் ஷெப்பர்ட், கோல்டன் ரெட்ரீவர் நாய்களை வளர்ப்பவர்களிடம் இதைப் பலமுறை கேட்டிருக்கிறேன். கேட்டவுடன் மேலுதட்டைத் தூக்கி ஈறைப் பார்ப்பேன். விரலால் அழுத்தி எடுத்தால் இரண்டு விநாடிக்குள் சிவப்பு திரும்ப வேண்டும். மெழுகுபோல் வெளுத்தே இருந்தால் அடுத்தது வயிற்று ஸ்கேன்தான்.

மண்ணீரல் கட்டி வெடித்து வயிற்றுக்குள் ரத்தம் கசியும்போது நாய் சுருண்டு விழுகிறது. கசிவு தானாக நின்றுவிட்டால், கொட்டிய ரத்தத்தில் கொஞ்சத்தை உடம்பே திரும்ப உறிஞ்சிக்கொள்ளும், நாயும் தெளிந்துவிடும். அடுத்த முறை கசிவு நிற்கும் என்று யாரும் உறுதி சொல்ல முடியாது.

ஸ்கேன் கட்டியைக் காட்டும். புற்றா, வெறும் ரத்தக்கட்டா என்று சொல்லாது. அளவை வைத்தும் முடிவுகட்ட முடியாது, பெரிய கட்டி சாதுவாக, அதாவது புற்றில்லாமல், இருப்பதும் உண்டு. ஊசி போட்டு மாதிரி எடுத்தால் பெரும்பாலும் ரத்தம்தான் வரும், கசிவு அபாயம் வேறு. மண்ணீரல் கட்டிகளில் மூன்றில் இரண்டு புற்று, அவற்றிலும் மூன்றில் இரண்டு ஹீமாஞ்சியோசார்கோமா என்னும் கொடிய ரத்தக்குழாய்ப் புற்று என்பது நாங்கள் படித்த கணக்கு. வேறெதற்கோ ஸ்கேன் எடுக்கும்போது கண்ணில் படும் உடையாத கட்டிகளில் சாதுவானவை இதைவிட அதிகம். ஆகவே ஸ்கேன் படத்தை மட்டும் பார்த்துக் கருணைக்கொலை பேசுவதை நான் ஏற்பதில்லை. நெஞ்சு எக்ஸ்ரே, முடிந்தால் சிடி எடுத்து, பரவியிருக்கிறதா என்று பார்த்துவிட்டுப் பேசலாம்.

“கட்டியோடு மண்ணீரலைச் சின்னத் துளை போட்டு எடுக்க முடியாதா?” என்று கேட்பார்கள். சிறிய, உடையாத கட்டிக்கு லேப்ராஸ்கோபி சரிதான். ரத்தம் கசியும் பெரிய கட்டிக்கு வயிற்றை நடுக்கோட்டில் தாராளமாகத் திறப்பதே என் வழக்கம். கட்டி உடையாமல் வெளியே வர வேண்டும், கல்லீரலையும் கையால் தடவிப் பார்க்க வேண்டும். இதில் உண்மையான முன்னேற்றம் ரத்தக்குழாயை மூடி ஒட்டும் கருவி. முன்பு ஒவ்வொரு குழாயாக நூல் கட்டிக்கொண்டிருப்போம். இப்போது 7 மில்லிமீட்டர் வரையுள்ள குழாய்களை அதுவே மூடிவிடுகிறது. மயக்க நேரம் வெகுவாகக் குறைகிறது.

ஆபரேஷன் முடிந்ததும் அன்றே வீட்டுக்கு அனுப்ப மாட்டேன். மண்ணீரல் எடுத்தபின் இதயத்துடிப்பு தாறுமாறாவது சகஜம்; 24 முதல் 48 மணி நேரம் ஈசிஜி பார்க்க வேண்டும். மண்ணீரல் இல்லாமல் நாய் வாழும், அந்தக் கவலை வேண்டாம்.

எடுத்த கட்டியை முழுசாகப் பரிசோதனைக்கு அனுப்பச் சொல்லுங்கள். ஒரே துண்டை அனுப்பினால் ரத்தக்கட்டு மட்டும் அதில் சிக்கி, புற்று தப்பிவிடலாம்.

அறிக்கை ஹீமாஞ்சியோசார்கோமா என்றால், அறுவை சிகிச்சை மட்டும் பெரும்பாலும் 1 முதல் 3 மாதம் தரும். டாக்ஸோரூபிசின் என்ற கீமோ மருந்தும் சேர்ந்தால் 4 முதல் 6 மாதம். இதை நான் கத்தி எடுக்கும் முன்பே சொல்லிவிடுவேன். கேட்டுவிட்டு வேண்டாம் என்று திரும்பிப் போனவர்களும் உண்டு. அவர்களிடம் எனக்கு வருத்தமில்லை.