எர்த்: நிலத்தொடுப்பு

"பிரிட்ஜைத் தொட்டா எர்த் அடிக்குது" என்று வீடுகளில் சொல்வார்கள். உண்மையில் அடிப்பது பேஸ், அதாவது மின்சாரத்தைக் கொண்டுவரும் கம்பி. உள்ளே எங்கோ கம்பியின் காப்பு (இன்சுலேஷன்) பழுதாகி, மின்சாரம் இரும்பு பாடிக்குக் கசிகிறது. அதை மண்ணுக்குக் கொண்டுபோக வேண்டிய எர்த் கம்பி இல்லை, அல்லது வழியில் அறுந்திருக்கிறது. காப்பாற்றும் கம்பியின் பெயரைப் பழுதுக்கு வைத்துவிட்டோம்.

ஆங்கிலத்தில் எர்த் என்றால் மண், பூமி. மின்துறைக்கு அச்சொல்லின் தேவை தந்தியோடு வந்தது. 1838இல் ஜெர்மனியின் கார்ல் ஆகஸ்ட் வான் ஷ்டைன்ஹைல், தந்திக்கு இரண்டாவது கம்பி வேண்டாம், இரு முனையிலும் தகடு புதைத்தால் மண்ணே திரும்பும் வழியாகும் என்று கண்டார். அமெரிக்கர் 'கிரவுண்ட்' என்றார்கள். பிரிட்டிஷார் சொன்ன எர்த் நம்மிடம் தங்கியது. தந்தியில் மண் அன்றாடப் பாதை. கட்டட வயரிங்கில் அப்படியல்ல. பழுது நேரும்போது மட்டுமே அந்தப் பச்சைக் கம்பிக்கு வேலை.

தமிழில் புவித்தொடுப்பு, புவி இணைப்பு, தரை இணைப்பு என்று பல சொற்கள் உண்டு. நான் நிலத்தொடுப்பு என்பேன். 'தரை' என்றதும் டைல்ஸ் போட்ட தளம் நினைவுக்கு வருகிறது. 'புவி' பெரிய சொல். இங்கே முக்கியம் நம் மனையின் மண்ணும் அதன் ஈரமும்தான். தொடுத்தல் என்றால் ஒன்றோடொன்று சேர்த்துக் கட்டுதல், பூத்தொடுப்பதைப் போல. பழந்தமிழில் 'தொடு' என்பதற்குத் தோண்டு என்ற பொருளும் இருந்தது. "தொட்டனைத் தூறும் மணற்கேணி" என்ற குறளில் வருவது அதுவே. எர்த் கம்பி மண்ணில் சேரும் இடமான எர்த் குழிக்கு அதுவும் பொருந்துவது மகிழ்ச்சி.

வீட்டின் ஒவ்வொரு சர்க்யூட்டுக்கும் மின்சாரத்தைப் பிரித்தனுப்பும் டிபி பாக்ஸுக்குப் பகிர்மானப் பெட்டி என்று சொல்லலாம். பகிர்மானம் என்பது மின்வாரியத் தமிழில் ஏற்கெனவே ஊறிய சொல். தொடுப்பு சரியாக இருக்கிறதா என்று அந்தப் பெட்டியைத் திறந்தால் பெரும்பாலும் தெரிந்துவிடும். மின்சாரம் திரும்பிப் போகும் கம்பியான நியூட்ரலுக்கு ஒரு பித்தளைப் பட்டை, எர்த்துக்குத் தனியாக ஒன்று. ஒவ்வொரு சர்க்யூட்டின் பச்சைக் கம்பியும் எர்த் பட்டையில் தனித்தனித் திருகில் இறுகியிருக்க வேண்டும். இரும்புப் பெட்டியென்றால் அதன் உடலும் கதவும் அதே பட்டையோடு சேர வேண்டும். பச்சைக் கம்பிகளை மொத்தமாக முறுக்கி, டேப் சுற்றி மூலையில் சொருகியிருந்தால் அந்த வீட்டில் எர்த் இல்லை.

இதைவிட மோசமானது, சாக்கெட்டில் எர்த் முனையை நியூட்ரலோடு துண்டுக் கம்பியால் இணைப்பது. டெஸ்ட் லாம்ப் எரியும், வீட்டுக்காரர் நிம்மதியடைவார். ஆனால் நியூட்ரல் எங்காவது விட்டுப்போனால், சுவிட்ச் போட்ட கிரைண்டர், வாஷிங் மெஷின் வழியாகவே அவற்றின் பாடிக்கு 230 வோல்ட் ஏறிவிடும். இதை எந்தக் காரணத்துக்காகவும் அனுமதிக்கக் கூடாது.

குழியை மட்டும் நம்பினால் போதுமா? கணக்கு சொல்லட்டும். குழியின் தடை 5 ஓம் என்றால், 230 வோல்ட்டில் 46 ஆம்பியருக்கு மேல் பாயாது. அளவுக்கு மீறி மின்சாரம் பாய்ந்தால் தானே விழுந்து இணைப்பைத் துண்டிக்கும் சுவிட்ச்தான் எம்சிபி. பி வகை 16 ஆம்பியர் எம்சிபி உடனடியாக விழ 48 முதல் 80 ஆம்பியர் வேண்டும். கோடையில் மண் காய்ந்து தடை 20 ஓம் ஆனால் 11.5 ஆம்பியர்தான், எம்சிபி விழவே விழாது, பாடியில் மின்சாரம் நிற்கும். அதனால்தான் 30 மில்லி ஆம்பியர் கசிவுக்கே இணைப்பைத் துண்டிக்கும் ஆர்சிசிபி என்ற கருவி பகிர்மானப் பெட்டியில் இருக்க வேண்டும்.

குழிக்கான முறையை இந்தியத் தர நிர்ணய அமைவனத்தின் ஐஎஸ் 3043 சொல்கிறது. நம் ஊர்களில் வழக்கமாக ஜிஐ (துத்தநாகம் பூசிய இரும்பு) குழாயை இரண்டரை மீட்டர் ஆழத்துக்கு இறக்கி, சுற்றிலும் கரியும் உப்பும் அடுக்குவார்கள். கோடையில் அதற்குத் தண்ணீர் ஊற்ற வேண்டும். அந்தக் குழியின் மேல் சிமென்ட் பூசி மூடிவிட்டு, கார் நிறுத்த இடம் செய்துவிடுகிறோம்.

ஆர்சிசிபியில் உள்ள டெஸ்ட் பட்டனை மாதம் ஒருமுறை அழுத்திப் பாருங்கள். ஆனால் அது சோதிப்பது அந்தக் கருவியை மட்டுமே. எர்த் கம்பி அறவே இல்லாத வீட்டிலும் அது சரியாக விழும். தொடுப்பு மண்வரை போகிறதா என்று அறிய, உரிமம் பெற்ற எலக்ட்ரீஷியனிடம் எர்த் டெஸ்டர் வைத்து ஓம் அளந்து எழுதித் தரச் சொல்ல வேண்டும். அளப்பதானால் மே மாதத்தில், மண் நன்றாகக் காய்ந்திருக்கும்போது அளக்கச் சொல்லுங்கள்.