வெட்டுமுன் முழுவதையும் கேளுங்கள்

யாழ்ப்பாணத்தில் எடிட்டிங் பழகும் பிள்ளைகள் அனேகமாகக் கலியாண வீடு, சாமத்திய வீடு வீடியோவில்தான் உழைக்கிறார்கள். நல்ல விசயம், கைவேகம் அங்கேதான் வரும். ஆவணப்படத்துக்கு வரும்போது அந்த வேகமே ஆபத்தாகலாம்.

குருநகர்க் கடற்றொழிலாளர் ஒருவரின் நேர்காணல் டைம்லைனில் இருக்கிறதென்று வையுங்கள். "இப்ப கடலுக்குப் போகலாம் தம்பி, தடையொண்டும் இல்லை. ஆனா இரவில றோலர் வந்து போனா, விடிய எங்கட வலை இருக்காது" என்கிறார். (றோலர் என்றால் இழுவைப் படகு.) முதல் வசனம் தெளிவு. இரண்டாவதில் மோட்டார் சைக்கிள் இரைச்சல். இரைச்சலுக்காக அதை வெட்டி, மேலே கடலின் ஷொட் ஒன்றைப் போட்டால் வெட்டியதே தெரியாது. பார்ப்பவர்கள் மனுசன் நிம்மதியாக இருக்கிறார் என்று நினைப்பார்கள். அவர் சொல்ல வந்த முறைப்பாடே போய்விட்டது. இரைச்சல் இருந்தால் இருக்கட்டும். கீழே சப்டைட்டில் போடுங்கள்.

இதற்குத்தான், வெட்டத் தொடங்குமுன் நேர்காணல் முழுவதையும் நேரக்குறியோடு எழுதுங்கள் என்கிறேன். ஒரு மணித்தியாலப் பேச்சை எழுத அரைநாள் போய்விடும். அந்த வேலைக்கும் காசு உண்டு என்பதையும், எத்தனை தடவை திருத்தித் தருவீர்கள் என்பதையும் ஒப்பந்தத்திலேயே எழுதிவிடுங்கள்.

காணாமல் ஆக்கப்பட்டோரின் உறவினர்கள் 2017 பெப்ரவரியில் கிளிநொச்சியில் போராட்டத்தைத் தொடங்கினார்கள். அன்றிலிருந்து எத்தனையோ கமராக்களுக்கு முன்னால் அதே கதையைச் சொல்லி வருகிறார்கள். ஒரு அம்மா கதைத்துக்கொண்டிருக்கையில் நின்றுபோனால், அந்த மௌனத்தை உடனே வெட்டாதீர்கள். அவர் அழும்போது சோக இசை போட்டு நீட்டவும் வேண்டாம். முகம் காட்டச் சம்மதித்தாரா, யூடியூப்புக்கும் சேர்த்துத்தானா என்று இயக்குநரிடம் கேளுங்கள். மறைக்கச் சொல்லியிருந்தால் முகத்தை மட்டும் மங்கலாக்கினால் போதாது. குரல், வீட்டு வாசல், சுவரில் தொங்கும் குடும்பப் படம் எல்லாமே ஆளைக் காட்டிக்கொடுக்கும்.

படத்தில் நாங்கள் சேர்ப்பது கொஞ்சம்தான். வெட்டிய மிச்சத்தையும் காப்பாற்றுவது எங்கள் பொறுப்பு. 1981 இல் யாழ் பொது நூலகத்தோடு எரிந்தவற்றில் வேறெங்கும் பிரதியில்லாத ஏடுகளும் இருந்தன. அப்படியிருந்தும் மூல ஃபுட்டேஜை ஒரே ஹாட் டிஸ்கில் வைத்திருக்கிறோம். மூன்று பிரதி, இரண்டு வகைச் சேமிப்பு, அதில் ஒன்று வேறு வீட்டில் என்று வையுங்கள். அலுமாரியில் பழைய மினிடிவி (MiniDV) வீடியோ கசெற் கிடந்தால் இப்போதே கணினிக்கு ஏற்றுங்கள். 60 நிமிடக் கசெற் ஒன்றுக்கு ஏறக்குறைய 13 ஜிகாபைட் போதும். எங்கள் வெக்கையிலும் ஈரக்காற்றிலும் நாடாவில் பூஞ்சை பிடிக்கும். அதை ஓட்டும் பிளேயர்களும் அருகி வருகின்றன.