டிகிரி வாங்கியாச்சு, அப்புறம்? கறுப்பினப் பெண் வழக்கறிஞர்கள் நடத்திய நிறைவேற்று வழக்குகள்

சிவில் பக்கம் தொழில் செய்கிறவர்கள் கட்சிக்காரரிடம் சொல்லச் சங்கடப்படும் செய்தி ஒன்று உண்டு: தீர்ப்பு வந்ததோடு வேலை முடியவில்லை. வருடக்கணக்கில் கோர்ட்டுக்கு நடந்து, மேல்முறையீட்டிலும் ஜெயித்து, டிகிரியின் (தீர்ப்பின்படி கோர்ட் எழுதிக்கொடுக்கும் உத்தரவு) சான்றிட்ட நகலை மஞ்சள் பையில் வைத்துக்கொண்டு கிளம்புகிறவருக்கு இதைக் கேட்கப் பிடிக்காது. "ஜெயிச்சாச்சே சார், இன்னும் என்ன?" என்பார். எதிராளி தானாக இடத்தைக் காலி செய்யமாட்டார், பணத்தையும் கட்டமாட்டார். தீர்ப்பைச் செயல்படுத்தித் தரக் கேட்டு நிறைவேற்று மனு, கோர்ட் பாஷையில் இ.பி., போட வேண்டும். அதற்கும் ஆட்சேபணை வரும், அதற்கும் வாய்தா விழும்.

அமெரிக்கக் கறுப்பின மக்களின் உரிமைப் போராட்டத்தை வழக்கறிஞர் கண்ணோடு படித்தால், பேரணிகளையும் மேடைப் பேச்சுகளையும் தாண்டி இந்த இ.பி. சமாச்சாரம்தான் பக்கத்துக்குப் பக்கம் தென்படுகிறது. 1954 மே 17 அன்று பிரவுன் வழக்கில் அமெரிக்க உச்ச நீதிமன்றம், பள்ளிகளில் இனவாரியாகப் பிள்ளைகளைப் பிரிப்பது அரசியல் சாசனத்துக்கு விரோதம் என்றது. பாடப்புத்தகத்தில் கதை அங்கே முடிந்துவிடும். அது வெறும் டிகிரி. அடுத்த ஆண்டு நிறைவேற்றம் பற்றி உத்தரவிட்ட அதே நீதிமன்றம், கெடுத் தேதி எதுவும் குறிக்காமல் 'நிதானமான வேகத்தில்' செய்து முடியுங்கள் என்றது. தேதி போடாத உத்தரவை எதிர்த்தரப்பு என்ன செய்யும் என்று எந்த முன்சீப் கோர்ட் குமாஸ்தாவைக் கேட்டாலும் சொல்லிவிடுவார். வர்ஜீனியாவின் பிரின்ஸ் எட்வர்ட் கவுண்டியில் கறுப்பினப் பிள்ளைகளைச் சேர்க்க மனமில்லாமல் 1959 முதல் 1964 வரை பொதுப் பள்ளிகளையே இழுத்து மூடிவிட்டார்கள். முன்பு அடிமை முறையைக் காக்கப் பிரிந்துபோன 11 தென் மாநிலங்களில், தீர்ப்பு வந்து பத்தாவது கல்வியாண்டு நடந்தபோதும் வெள்ளைப் பிள்ளைகளோடு படித்த கறுப்பினப் பிள்ளைகள் நூற்றுக்கு ஒன்று சொச்சம் பேர்தான்.

அந்த டிகிரியை ஊர் ஊராகத் தூக்கிக்கொண்டு போய் நிறைவேற்றக் கேட்டவர்களில் முதலில் சொல்ல வேண்டிய பெயர் கான்ஸ்டன்ஸ் பேக்கர் மோட்லி.

1921-ல் கனெக்டிகட் மாநிலத்தின் நியூ ஹேவனில் பிறந்தவர். பெற்றோர் கரீபியன் தீவான நெவிஸிலிருந்து குடியேறியவர்கள். பன்னிரண்டு பிள்ளைகளில் இவர் ஒன்பதாவது. மேலே படிக்க வைக்க வீட்டில் வசதி இல்லை. ஊரின் சமூக மன்றத்தில் அவர் பேசியதைக் கேட்ட வெள்ளைக்காரத் தொழிலதிபர் ஒருவர் படிப்புச் செலவை ஏற்றுக்கொண்டார். கொலம்பியா சட்டக் கல்லூரியில் படித்துக்கொண்டிருந்தபோதே, 1945-ல், கறுப்பின மக்களின் உரிமை வழக்குகளுக்காக வழக்கறிஞர் தர்குட் மார்ஷல் நடத்திய சட்டப் பாதுகாப்பு நிதியத்தில் குமாஸ்தா வேலைக்குச் சேர்ந்தார். பின்னாளில் பிரவுன் வழக்குக்கான மூலப் பிராதை எழுதியது இவர்தான். பிராது எழுதுகிறவரின் பெயர் வெளியே தெரிவதில்லை என்பது எங்கள் தொழிலின் பழைய குறை.

1949-ல் ஆசிரியர்களுக்குச் சம ஊதியம் கேட்ட வழக்குக்காக மிசிசிப்பியின் ஜாக்சன் நகருக்குப் போனார். கோர்ட்டில் ஒரு கறுப்பினப் பெண் வாதாடுவதை வேடிக்கை பார்க்கக் கூட்டம் கூடியது. உள்ளூர்ப் பத்திரிகைகள் அவர் பெயருக்கு முன்னால் 'திருமதி' போடக்கூட மனமில்லாமல் 'மோட்லி என்கிற பெண்' என்றே எழுதின. தென் மாநிலங்களில் வழக்கு நடத்தப் போனால் ஹோட்டலில் அறை கிடையாது. உள்ளூர்க் குடும்பங்களின் வீடுகளில்தான் தங்க வேண்டும். பகலில் கோர்ட்டில் நின்று பேசியவர், ராத்திரி எந்த வீட்டில் படுப்பது என்பதையும் சேர்த்தே யோசிக்க வேண்டியிருந்தது.

ஜார்ஜியா பல்கலைக்கழக வழக்கைச் சற்று நிறுத்திப் பார்க்கலாம். 1959-ல் ஹாமில்டன் ஹோம்ஸ், சார்லைன் ஹண்டர் என்ற இரண்டு மாணவர்கள் விண்ணப்பித்தார்கள். நிறத்தைக் காரணம் காட்டி யாரும் மறுக்கவில்லை. விடுதியில் இடமில்லை, அடுத்த பருவத்தில் பார்க்கலாம் என்று கடிதம் மேல் கடிதம் வந்தது. நம் ஊர் அலுவலகத்தில் 'பரிசீலனையில் உள்ளது' என்று வரும் கடிதம் மாதிரி. இந்த மாதிரி மறுப்பை உடைக்க உணர்ச்சிகரமான வாதம் உதவாது; எதிர்த்தரப்பின் கோப்புதான் உதவும். மோட்லியும் அட்லாண்டா வழக்கறிஞர் டொனால்ட் ஹாலோவெலும் பல்கலைக்கழகத்தின் சேர்க்கைக் கோப்புகளைப் பார்வையிட அனுமதி வாங்கினார்கள். அவர்களோடு இருந்த இளம் வழக்கறிஞர் வெர்னான் ஜார்டன் கோப்புகளைப் புரட்டியதில், ஹண்டருக்கு இடமில்லை என்று சொன்ன அதே காலகட்டத்தில் அவரைப் போன்ற நிலையில் இருந்த ஒரு வெள்ளை மாணவிக்கு இடம் கொடுத்திருந்தது வெளியே வந்தது.

1961 ஜனவரி 6 அன்று நீதிபதி பூட்டில் இருவரையும் சேர்க்கச் சொன்னார். 9-ம் தேதி தன் உத்தரவுக்குத் தானே ஸ்டே கொடுத்தார். அன்றைக்கே மேல்முறையீட்டு நீதிமன்றத்தின் தலைமை நீதிபதி டட்டில் அந்த ஸ்டேயை நீக்கினார். இருவரும் சேர்ந்த இரண்டு நாளில் விடுதிக்கு வெளியே கலவரம். 'உங்கள் பாதுகாப்புக்காக' என்று சொல்லி இருவரையும் இடைநீக்கம் செய்தது பல்கலைக்கழகம். கல்லெறிந்தவர்களை விட்டுவிட்டு அடி வாங்கியவரை வெளியே அனுப்பும் அதே தந்திரம். மறுபடியும் கோர்ட், மறுபடியும் உத்தரவு, அப்புறம்தான் வகுப்பு.

மிசிசிப்பி இன்னும் மோசம். ஒன்பது ஆண்டுகள் விமானப்படையில் இருந்த ஜேம்ஸ் மெரடித் 1961 ஜனவரியில் மாநிலப் பல்கலைக்கழகத்துக்கு எழுதினார். விண்ணப்பத்தோடு முன்னாள் மாணவர்கள் ஐந்து பேரின் பரிந்துரைக் கடிதம் வேண்டும் என்பது விதி. முன்னாள் மாணவர்கள் எல்லாரும் வெள்ளையர்கள்! விதியைப் படித்தால் இனம் பற்றி ஒரு சொல் இருக்காது. மே மாதம் வழக்கு தாக்கல் ஆனது. அரசு வழக்கறிஞருக்கு உடம்பு சரியில்லை என்று வாய்தா, நீதிபதிக்கு வேறு வழக்குகள் இருக்கின்றன என்று வாய்தா. பருவத்துக்குப் பருவம் தள்ளிக்கொண்டே போனார்கள். மெரடித் அப்போது ஜாக்சனில் வேறு கல்லூரியில் படித்துக்கொண்டிருந்தார். இப்படியே இழுத்தால் அங்கேயே பட்டம் வாங்கிவிடுவார், வழக்கு தானாகச் செத்துவிடும்.

மிசிசிப்பியில் இனப் பிரிவினைக் கொள்கையே இல்லை என்று அரசுத் தரப்பு வாதாடியது. மாவட்ட நீதிபதியும் இனத்தைக் காரணமாக வைத்து மறுக்கவில்லை என்று தீர்ப்பளித்தார். ஊரறிந்த விஷயத்துக்குச் சாட்சியம் தேவையில்லை, பிரிவினைக் கொள்கை இருப்பதை நாங்களே கவனத்தில் எடுத்துக்கொள்கிறோம் என்றது மேல்முறையீட்டு நீதிமன்றம். 1962 ஜூனில் மெரடித்துக்குச் சாதகமாகத் தீர்ப்பு. உடனே, அந்த அமர்வில் இடம்பெறாத நீதிபதி பென் கேமரன் ஸ்டே கொடுத்தார். அமர்வு அதை ரத்து செய்தது. அவர் திரும்பக் கொடுத்தார். மொத்தம் நான்கு முறை! கடைசியில் உச்ச நீதிமன்ற நீதிபதி ஹ்யூகோ பிளாக் செப்டம்பர் 10 அன்று எல்லாவற்றையும் நீக்க வேண்டியிருந்தது. அதற்குப் பிறகு மாநில ஆளுநர் ராஸ் பார்னெட் தானே நேரில் வந்து வழிமறித்தார். நீதிமன்ற அவமதிப்பில் அவருக்குத் தினம் 10,000 டாலர் அபராதம் என்று எச்சரிக்கை போனது. செப்டம்பர் 30 இரவு கலவரத்தில் இரண்டு பேர் செத்தார்கள். அக்டோபர் 1 அன்று, படைக் காவலோடு, மெரடித் பெயர் பதிவானது. ஒரு மாணவர் சேர்க்கைக்கு இவ்வளவு. இந்தப் பயணம் முழுக்க வழக்குக் கட்டைச் சுமந்தவர் மோட்லி.

பேருந்து விஷயத்திலும் இதே கதைதான். பேருந்தில் வெள்ளையருக்கு இருக்கையை விட்டுக்கொடுக்க மறுத்துக் கைதான ரோசா பார்க்ஸை எல்லாருக்கும் தெரியும். டவி ஜான்சன் ரவுண்ட்ரீயைத் தெரிந்தவர்கள் குறைவு. இரண்டாம் உலகப் போரில் பெண்கள் படைப்பிரிவில் பணியாற்றிவிட்டு, ஹோவர்ட் பல்கலைக்கழகத்தில் சட்டம் படித்து, வாஷிங்டனில் தொழில் செய்தவர். 1952-ல் சாரா கீஸ் என்ற பெண் படைவீரர், சீருடையில், விடுமுறைக்கு ஊர் போகும் வழியில், வெள்ளைக்கார மரைன் படைவீரர் ஒருவருக்கு இருக்கையை விட்டுக்கொடுக்க மறுத்தார். ராத்திரி முழுக்க லாக்கப், 25 டாலர் அபராதம். ரவுண்ட்ரீயும் கூட்டாளி ஜூலியஸ் ராபர்ட்சனும் கோர்ட்டுக்குப் போனபோது அதிகார வரம்பு இல்லை என்று திருப்பி அனுப்பினார்கள். மாநிலங்களுக்கு இடையிலான போக்குவரத்தை மேற்பார்வையிடும் வணிக ஆணையத்துக்குப் போனார்கள். 1955 நவம்பரில் ஆணையம் பேருந்தில் பிரிவினை செல்லாது என்றது. பார்க்ஸ் கைதானதற்குச் சில நாள் முன்புதான் அந்த முடிவு வெளியானது.

முடிவு வந்தது, ஆனால் ஆணையம் அதை அமல்படுத்தவில்லை. ஆறு ஆண்டுகள் தாளில் கிடந்தது. 1961-ல் பிரிவினையை மீறிப் பயணம் செய்த 'சுதந்திரப் பயணிகள்' பேருந்துகளில் ஏறி, அடி வாங்கி, ஒரு பேருந்து எரிக்கப்பட்ட பிறகு, அட்டர்னி ஜெனரல் ராபர்ட் கென்னடி ஆணையத்தை நெருக்கினார். அந்த ஆண்டு நவம்பர் 1 முதல்தான் விதிகள் நடைமுறைக்கு வந்தன. ரவுண்ட்ரீ 2018 வரை, 104 வயது வரை இருந்தார்.

இந்த இடத்தில் பாலி மரேயைச் சொல்லாமல் போக முடியாது. அவர் செய்தது நிறைவேற்று வேலைக்கு முந்தைய வேலை. ஹோவர்டில் தன் வகுப்பில் ஒரே பெண், 1944-ல் முதல் மாணவர். பிரிவினையில் சமத்துவம் இருக்கிறதா என்று அளந்துகொண்டிருக்காமல் பிரிவினையையே நேராகத் தாக்க வேண்டும் என்று அவர் சொன்னபோது வகுப்பில் சிரித்தார்கள். 'பிரித்து வைத்தாலும் சமமாக நடத்தினால் போதும்' என்ற பழைய உச்ச நீதிமன்றத் தீர்ப்பு இருபத்தைந்து ஆண்டுக்குள் கவிழும் என்று பேராசிரியர் ஸ்பாட்ஸ்வுட் ராபின்சனோடு பத்து டாலர் பந்தயம் கட்டினார். பத்தே ஆண்டில் கவிழ்ந்தது. பிரவுன் குழுவில் இருந்த ராபின்சன், மரேயின் பழைய கட்டுரையைத் தேடி எடுத்துப் பயன்படுத்தியது பிற்பாடுதான் மரேக்குத் தெரிந்தது. இனத்துக்காக வட கரோலினா பல்கலைக்கழகமும், பெண் என்பதற்காக ஹார்வர்டும் அவரை மறுத்திருந்தன.

சரி, இதை ஒரு தமிழ்நாட்டு வழக்கறிஞர் ஏன் எழுதுகிறேன்? உத்தரவை பீரோவில் பூட்டி வைத்துவிட்டு, காலம் கடந்த பிறகு வந்து நிற்பவர்களை அடிக்கடி பார்க்கிறேன். உங்களிடம் ஒரு தீர்ப்பு இருந்தால் அதற்கும் ஆயுள் உண்டு. பணத்துக்கோ சொத்தின் சுவாதீனத்துக்கோ கிடைத்த சிவில் டிகிரியை 12 ஆண்டுக்குள் நிறைவேற்றக் கேட்க வேண்டும். 'சுவரை இடி', 'வழியைத் திற' என்று எதிராளி ஒன்றைச் செய்யவேண்டும் எனக் கட்டளையிடும் டிகிரிக்கு மூன்றே ஆண்டு. அந்தப் பன்னிரண்டை நம்பி இதில் ஏமாந்தவர்கள்தான் அதிகம். 'தலையிடாதே' என்ற நிரந்தரத் தடைக்கு மட்டும் காலக்கெடு கிடையாது. குற்றவியல் நடைமுறையின் கீழ் கிடைத்த ஜீவனாம்ச உத்தரவில் பாக்கி விழுந்தால், அந்தந்தத் தொகை விழுந்த நாளிலிருந்து ஓர் ஆண்டுக்குள் வாரண்ட் கேட்டு மனு போட வேண்டும். உயர் நீதிமன்ற உத்தரவை அதிகாரி மதிக்கவில்லை என்றால் அவமதிப்பு மனுவுக்கும் ஓர் ஆண்டு. நிறைவேற்று மனுக்களை ஆறு மாதத்துக்குள் முடிக்க வேண்டும் என்று நம் உச்ச நீதிமன்றம் 2021-ல் சொல்லியிருக்கிறது. அந்தத் தீர்ப்பும் நிறைவேறுவதற்குக் காத்திருக்கிறது என்பது வேறு விஷயம். தீர்ப்பு வந்த அன்றைக்கே சான்றிட்ட நகலுக்கு மனு போடுங்கள். அதைக் கொண்டுபோய் வக்கீலிடம் கேட்க வேண்டிய முதல் கேள்வி, 'இதற்கு எத்தனை நாள் கெடு?' என்பதுதான்.

மோட்லி 1966-ல் ஃபெடரல் நீதிபதியானார். அந்தப் பதவிக்கு வந்த முதல் கறுப்பினப் பெண். அவருக்கு முன்பே, 1939-ல், நியூயார்க் குடும்ப நீதிமன்றத்தில் ஜேன் போலின் நாட்டின் முதல் கறுப்பினப் பெண் நீதிபதியாக உட்கார்ந்திருந்தார். நன்னடத்தை அதிகாரிகளுக்கு இனம் பார்த்து வழக்கு ஒதுக்குவதையும், பொதுப் பணம் வாங்கும் குழந்தைகள் காப்பகங்கள் இனம் பார்த்துப் பிள்ளைகளைச் சேர்ப்பதையும் அவர் நிறுத்த வைத்தார்.

மோட்லி முன் 1975-ல் ஒரு பெரிய சட்ட நிறுவனத்தின் மீதான பாலினப் பாகுபாட்டு வழக்கு வந்தது. அவர் பெண், கறுப்பினத்தவர், உரிமை வழக்குகள் நடத்தியவர், அதனால் விலக வேண்டும் என்று எதிர்த்தரப்பு கேட்டது. இனமும் பாலினமும் விலகக் காரணம் என்றால் இந்த நீதிமன்றத்தில் எந்த நீதிபதியுமே இந்த வழக்கை விசாரிக்க முடியாது, ஏனென்றால் எல்லாருக்கும் ஓர் இனமும் ஒரு பாலினமும் உண்டு என்ற பொருளில் எழுதி மறுத்தார். விலகல் மனு தாக்கல் செய்யும் முன் ஜூனியர்கள் படிக்க வேண்டிய உத்தரவு.

உச்ச நீதிமன்றத்தில் அவர் வாதிட்டவை பத்து வழக்குகள், ஜெயித்தவை ஒன்பது. தோற்றது 1965-ன் ஸ்வெய்ன் வழக்கு. அலபாமாவின் டல்லடேகா கவுண்டியில் மரண தண்டனை பெற்ற கறுப்பினத்தவர் ஒருவருடையது. காரணம் சொல்லாமல் ஜூரிகளை நீக்கும் உரிமையைப் பயன்படுத்தி, அரசுத் தரப்பு ஆறு கறுப்பினத்தவரையும் பட்டியலிலிருந்து அடித்துவிட்டது. நீதிமன்றம் அதில் தலையிடவில்லை. 1986-ல் பேட்சன் வழக்கில் அந்த நிலைப்பாடு மாறியது. இனம் பார்த்து ஜூரிகளை நீக்கக் கூடாது என்று சட்டமானது. தோற்ற பத்தாவது வழக்கின் வாதமும் மோட்லி உயிரோடு இருக்கும்போதே ஜெயித்தது. அவர் 2005-ல் காலமானார்.

பேட்சன் வந்த பிறகும், மிசிசிப்பியில் கர்டிஸ் ஃப்ளவர்ஸ் என்ற கறுப்பினத்தவரை ஒரே கொலை வழக்கில் ஒரே அரசு வழக்கறிஞர் ஆறு முறை விசாரணைக்கு நிறுத்தினார். அந்த ஆறு விசாரணைகளிலும் சேர்த்து, தன்னால் நீக்க முடிந்த 42 கறுப்பின ஜூரிகளில் 41 பேரை நீக்கினார். 2019-ல் உச்ச நீதிமன்றம் தண்டனையை ரத்து செய்தது. அடுத்த ஆண்டு மாநிலம் வழக்கைக் கைவிட்டது.