கடல் வேற மாதிரி இருக்கட்டும் தம்பி

கப்பல் அதிகாரியாகப் பல வருடம் ஓட்டிவிட்டு, இப்போது மாயாஜாலக் கதை எழுதுகிறவர்களின் பிரதிகளில் கடல் வருகிற பக்கங்களைத் திருத்திக் கொடுக்கிறேன். சமீபத்தில் வந்த ஒன்றில், போன கப்பல் எதுவும் திரும்பாத ஒரு கடல். அதன் கரை ஏழு நாளைக்கு ஒருமுறை இடம் மாறும். நல்ல கற்பனை, ரசித்துத்தான் படித்தேன். ஐந்தாவது அத்தியாயத்தில், பனிக்கட்டி மிதக்கிற அந்தத் தண்ணீரில் நாயகி தவறி விழுகிறாள். விழுந்தவள் கைகளை உயர்த்தி ஆட்டுகிறாள், அண்ணனைக் கூப்பிடுகிறாள், பழைய ரகசியம் ஒன்றை முக்கால் பக்கத்துக்குச் சொல்லிவிட்டுத்தான் மூழ்குகிறாள்.

‘இப்படி நடக்காது’ என்று ஓரத்தில் எழுதி அனுப்பினேன். உடனே எழுதியவரிடமிருந்து போன். “இது வேற உலகம் சார், அங்கே கடலே வேற மாதிரி.”

“கடல் வேற மாதிரி இருக்கட்டும் தம்பி. விழுந்த பெண்ணுக்கு நுரையீரல் இருக்கா, இல்லையா?”

மூழ்குகிறவர் பெரும்பாலும் கத்துவதில்லை. வாய் தண்ணீருக்கு மேலே வரும் அந்த ஒரு கணத்தில் உடம்பு மூச்சைத்தான் இழுக்கும், குரலுக்கு மிச்சம் இருக்காது. கைகள் தாமாகவே பக்கவாட்டில் விரிந்து தண்ணீரைக் கீழே அழுத்தும். உயர்த்தி ஆட்டுவதெல்லாம் அவர் வசத்தில் இல்லை. தலை பின்னால் சாய்ந்திருக்கும், உடம்பு செங்குத்தாக நிற்கும். தூரத்திலிருந்து பார்த்தால், கண்ணுக்குத் தெரியாத ஏணியில் ஏறுகிற மாதிரி இருக்கும். பக்கத்திலேயே நிற்பவர்கூட ‘விளையாடுகிறார்’ என்று நினைத்துக்கொள்வார். கதைகளில் படித்த கூக்குரலுக்காக நாம் காத்திருக்கிறோம், அதுதான் ஆபத்து. குழந்தை தண்ணீரில் இருக்கும்போது சத்தம் நின்றால், உடனே திரும்பிப் பாருங்கள்.

குளிர்ந்த தண்ணீர் என்றால் இன்னும் மோசம். 15 டிகிரிக்குக் கீழே இருக்கும் நீரில் திடீரென்று விழுந்தால், நம்மைக் கேட்காமலே மூச்சு ‘ஹக்’கென்று உள்ளே இழுக்கும். அப்போது முகம் நீருக்குள் இருந்தால் உள்ளே போவது தண்ணீர்தான். நன்றாக நீந்தத் தெரிந்தவர்களையும் இது விடாது. அந்த முதல் சில நிமிடம் நீந்தப் போகாமல், மல்லாந்து மிதந்து மூச்சு அடங்கும்வரை பொறுக்க வேண்டும். ரகசியம் எல்லாம் அப்புறம்.

மேல்தளத்தில் இருப்பவர்களுக்கும் வேலை உண்டு. சரக்கு ஏற்றிய பெரிய கப்பல், எஞ்சினை நிறுத்தினாலும் சில கிலோமீட்டர் ஓடித்தான் நிற்கும். பாய்மரக் கப்பலும் நினைத்த இடத்தில் நிற்காது. அலைகளுக்கு நடுவே ஒரு தலை தேங்காய் அளவுதான், ஒருமுறை கண்ணை எடுத்தால் மறுபடி அகப்படாது. அதனால் விழுந்ததைப் பார்த்தவர் கூவிச் சொல்லி, மிதவை வளையத்தை எறிந்துவிட்டு, கையை நீட்டி அந்தத் தலையையே காட்டிக்கொண்டு நிற்க வேண்டும். கப்பல் எந்தப் பக்கம் திரும்பினாலும் அந்தக் கை தலையை விடக்கூடாது. யோசிக்காமல் பின்னாலேயே குதிக்கிற நாயகனால், தேட வேண்டிய தலை இரண்டாகும்.

“இதையெல்லாம் சேர்த்தால் மர்மம் போயிடுமே சார்” என்றார். மர்மத்துக்கா பஞ்சம்? 1893-ல் நார்வே துருவப் பயணி நான்சென்னின் ‘ஃபிராம்’ கப்பல் ஆர்க்டிக் பக்கம் அமைதியான கடலில் போய்க்கொண்டிருந்தது. மணிக்கு 6, 7 கடல் மைல் போகக்கூடிய கப்பல், ஒன்றரைகூடத் தாண்டவில்லை. யாரோ கீழே பிடித்து வைத்திருக்கிற மாதிரி, சுக்கானுக்கும் சரியாகக் கட்டுப்படவில்லை. காரணத்தை 1904-ல் சுவீடன் கடலியல் அறிஞர் எக்மன் விளக்கினார். உருகிய பனியின் நன்னீர், கனமான உப்புநீருக்கு மேலே தனி அடுக்காகக் கிடக்கிறது. கப்பலின் உந்துவிசை அந்த இரண்டுக்கும் நடுவே அலை எழுப்புவதில் கரைந்துவிடுகிறது, மேலே பார்த்தால் கடல் சாதுவாகத்தான் இருக்கும். இதற்குச் ‘செத்த தண்ணீர்’ என்றே பெயர். எந்த அரக்கனை விடவும் எனக்கு இதுதான் பயம்.

திருத்திய பிரதி போன வாரம் வந்தது. முக்கால் பக்கம் நாலு வரியாகியிருந்தது. அவள் சத்தமில்லாமல் விழுகிறாள். சமையலறைப் பையன் ஒருவன் கை நீட்டியபடி, இமைக்கப் பயந்து நிற்கிறான். கப்பல் பாதி திரும்புவதற்குள் செத்த தண்ணீரில் மாட்டிக்கொள்கிறது. கை இன்னும் இறங்கவில்லை.

மிதவை வளையத்தைத்தான் யாரும் எறியவில்லை. ஓரத்தில் குறித்து அனுப்பிவிட்டேன்.