ஊமைப்படத்துக்கு வாய் கொடுத்த ஆளு

ஜப்பான்ல ஊமைப்படம் ஓடின காலத்துல தியேட்டர் ஊமையா இருந்ததே இல்லைங்க. திரைக்குப் பக்கத்துல சின்னதா ஒரு மேஜை, அதுல மங்கலா ஒரு லைட்டு, அங்க ஒருத்தர் நின்னுகிட்டு ஹீரோவுக்குக் கட்டைக்குரல், ஹீரோயினுக்கு மெல்லிசுக்குரல்னு மாத்தி மாத்திப் பேசுவாரு, நடுநடுவுல கதையும் சொல்லுவாரு. அவருக்குப் பேரு பென்ஷி. இன்னைக்கு எந்த பென்ஷின்னு கேட்டுட்டு டிக்கெட் எடுத்தவங்க நிறைய பேரு.

மத்த நாடுகள்லயும் ஆரம்பத்துல இப்படி ஆளுங்க இருந்தாங்க, ஆனா ஐரோப்பா அமெரிக்காவுலல்லாம் சீக்கிரமே காணாமப் போயிட்டாங்க. ஜப்பான்ல ஏன் நிலைச்சுதுன்னா, உடம்பு ஒரு பக்கம் குரல் ஒரு பக்கம்ங்கறது அந்த ஜனங்களுக்கு ரொம்ப நாளாப் பழகின விஷயம். புன்ராகு பொம்மலாட்டத்தையே எடுத்துக்கங்க. ஒரு பொம்மைய மூணு பேர் ஆட்டுவாங்க, ஒருத்தர் தலையும் வலது கையும், ஒருத்தர் இடது கை, இன்னொருத்தர் கால், மூணு பேரும் வாயே திறக்க மாட்டாங்க. ஓரமா ஷாமிசென்ங்கற மூணு தந்தி வாத்தியம் வாசிக்கறவர் பக்கத்துல உக்காந்திருக்கற தாயூ, அதாவது கதை சொல்றவர்தான் அத்தனை பொம்மைக்கும் சேத்து அழுவாரு, சிரிப்பாரு, வியர்த்துக் கொட்டும். பொம்மை இருந்த இடத்துல திரை வந்துச்சு, தாயூ இடத்துல பென்ஷி, அவ்ளோதான்.

கபுகிங்கற ஜப்பானியப் பாரம்பரிய நாடகத்தோட பங்கும் இருக்கு. 1899ல 'மொமிஜிகாரி' நாடகத்துலேருந்து ஒரு துண்ட கபுகி-ஸா அரங்குக்குப் பின்னாடி வெட்டவெளியில எடுத்தாங்க. நடிச்சது டான்ஜுரோங்கற பரம்பரைப் பேர்ல ஒன்பதாவதா வந்த கபுகி நடிகர், சினிமான்னாலே பிடிக்காத மனுஷன். காத்து அடிச்சு அவரு கையில இருந்த விசிறி பறந்துடுச்சு, திரும்ப எடுக்கவே இல்ல, இன்னைக்கும் படத்துல அப்படியே இருக்கு! அதுக்கப்புறம் வந்த படங்கள்லயும் கேமரா பெரும்பாலும் நாடகம் பாக்கறவன் மாதிரி ஒரே இடத்துல உக்காந்திருக்கும், பொம்பள வேஷத்த ஆம்பளைங்கதான் போடுவாங்க, இது 1920கள் ஆரம்பம் வரைக்கும் ஓடுச்சு. குளோசப்பு, நடுவுல வசனம் காட்டற எழுத்து கார்டுக்கெல்லாம் பெருசா அவசரம் இல்ல, அதான் பென்ஷி சொல்லிடறாரே.

சினிமாவ மேல கொண்டு வரணும்னு நெனச்ச ஆளுங்களுக்கு, படமே கதையச் சொல்லாம இன்னொருத்தர் சொல்றதுல எரிச்சல். எனக்கென்னவோ ரெண்டு பக்கமும் நியாயம் இருக்குன்னுதான் தோணுது.

1920கள் கடைசியில 6,000க்கு மேல பென்ஷிங்க இருந்தாங்க. 1931ல முழு பேசும்படம் வந்தப்போ சும்மா விடுவாங்களா, ஸ்டிரைக் பண்ணாங்க. அதுல முன்னால நின்னவங்கள்ல ஹெய்கோன்னு ஒரு பென்ஷியும் உண்டு. ஸ்டிரைக் தோத்துச்சு, 1933ல அவர் தற்கொலை பண்ணிக்கிட்டாரு. அவரு தம்பிதான் பின்னாடி டைரக்டர் ஆன அகிரா குரோசாவா.