கிரெம்லின்: எந்திரத்துக்குள் புகுந்த குறளி

மாஸ்கோவில் இருக்கும் ரஷ்ய ஆட்சிக் கோட்டையான கிரெம்ளினுக்கும் இதற்கும் உறவில்லை. கிரெம்லின் என்பது விமானத்துக்குள் புகுந்து திருகாணியைக் கழற்றி, கம்பியைக் கடித்து, விமானியைத் திண்டாட வைக்கும் குட்டையான குறும்புப் பிறவி. பழைய நாட்டுப்புறக் கதைகளில் இதைத் தேடினால் கிடைக்காது. பிரிட்டிஷ் விமானப்படை வீரர்களின் பேச்சில் பிறந்தது. அச்சில் 1929 அளவில் தென்படுகிறது. காரணம் தெரியாத பழுதுக்கெல்லாம் இதன் மேல் பழி போட்டார்கள். சொல்லின் வேர் இன்னும் முடிவாகவில்லை. 'எரிச்சலூட்டு' என்னும் பொருளுள்ள பழைய ஆங்கில வினை ஒன்றைச் சிலர் காட்டுகிறார்கள். பீர் நிறுவனப் பெயரோடு முடிச்சுப் போடும் கதையும் உண்டு. எனக்கு அதில் நம்பிக்கை இல்லை.

விமானப்படையில் இருந்த எழுத்தாளர் ரோல்ட் டால் 1943இல் கிரெம்லின்களைச் சிறுவர் நூலாக்கினார். அதே ஆண்டு வார்னர் நிறுவனத்துக்காக பாப் கிளாம்பெட் இயக்கிய 'ஃபாலிங் ஹேர்' என்ற கார்ட்டூன் குறும்படம் வந்தது. விமானதளத்தில் உட்கார்ந்து கிரெம்லின்களைப் பற்றிப் படித்துச் சிரிக்கிறது பக்ஸ் பன்னி முயல். பக்கத்திலேயே ஒரு கிரெம்லின் பொடியன் வெடிகுண்டின் மூக்கைச் சம்மட்டியால் தட்டிக்கொண்டிருக்கிறான். முயல் சம்மட்டியை வாங்கித் தானே ஓங்கிவிட்டு, கடைசி நொடியில்தான் விழித்துக்கொள்கிறது! எல்லாரையும் ஏய்க்கும் அந்த முயல் படம் முழுக்கத் தோற்பது அபூர்வம். கடைசியில் இருவரும் ஏறிய விமானம் செங்குத்தாக விழுந்து, தரையைத் தொடுமுன் அந்தரத்தில் நின்றுவிடுகிறது: பெட்ரோல் தீர்ந்துவிட்டதாம். போர்க்கால ரேஷனை அனுபவித்த அமெரிக்கர்களுக்கு அது சொந்த நகைச்சுவை. மறு ஆண்டு வந்த 'ரஷ்யன் ராப்சடி'யில் கிரெம்ளினிலிருந்து வந்த கிரெம்லின்கள் ஹிட்லரின் விமானத்தையே பிரித்துப் போடுகின்றன. அங்கே கிரெம்லின், கிரெம்ளின் என்ற ஒலி ஒற்றுமையே வேடிக்கை.

தமிழில் என்ன சொல்லலாம்? பேய் பொருந்தாது, இது செத்தவர் ஆவி அல்ல. பூதம் என்றால் சிலப்பதிகாரத்தில் தீயோரைப் பிடித்து உண்ணும் சதுக்கப்பூதம் நினைவுக்கு வரும். அவ்வளவு பெரிய உருவம் இங்கே வேண்டாம். குட்டிச்சாத்தான் நெருங்கி வருகிறது. ஆனால் அது மந்திரவாதி ஏவிய வேலையைச் செய்வது. கிரெம்லினை ஏவ யாருமில்லை, தன் விருப்பத்துக்கே ஆடும்.

என் தேர்வு குறளி. குட்டையைக் குறிக்கும் 'குறள்' அதற்குள்ளேயே இருக்கிறது. கண்கட்டு வித்தையைக் 'குறளி வித்தை' என்று சொல்லும் வழக்கும் உண்டு. குறளியையும் ஏவுவார்கள் என்பது உண்மைதான். ஆனாலும் இச்சொல்லில் அச்சத்தைவிடக் குறும்பு தூக்கலாகத் தெரிகிறது. மொழிபெயர்ப்பவர்கள் முதலில் 'எந்திரக் குறளி' என்று எழுதிவிட்டு, பிறகு 'குறளி' என்றே சுருக்கிக்கொள்ளலாம். நன்றாக ஓடிக்கொண்டிருந்த கணினி காரணமின்றி நின்றால், 'குறளி வேலை' என்றாலே போதும்.